ஆட்ரி ஹெப்பர்ன் வாங்கின விருதுகளை தப்பில்லாம லிஸ்ட் போடறது எப்படி

என் பொண்ணு ஒன்பதாவது படிக்கிறா, ஸ்கூல்ல "கலைஞரா இருந்துகிட்டே மக்களுக்கு உதவினவங்க" யாராவது ஒருத்தரைப் பத்தி சார்ட் பண்ணிட்டு வரச் சொல்லியிருந்தாங்க, அவ பழைய ஹாலிவுட் நடிகை ஆட்ரி ஹெப்பர்னை எடுத்தா. ஒரு ஞாயித்துக்கிழமைல முடிஞ்சிரும்னு நினைச்சுதான் உக்காந்தோம், ஆனா முதல் கேள்வியிலயே மாட்டிக்கிட்டோம். அவங்க எத்தனை ஆஸ்கர் வாங்கினாங்க? ஒரு இடத்துல ஒண்ணு, இன்னொரு இடத்துல ரெண்டு, இன்னொண்ணுல நாலுன்னு போட்டிருந்துச்சு. அந்த மூணு நம்பருக்குமே ஒரு காரணம் இருக்குன்னு தேடித்தேடி கண்டுபிடிச்சோம், அந்த வழியைத்தான் இங்க எழுதுறேன். பசங்க ப்ராஜெக்ட்டுக்கோ, விக்கிப்பீடியா கட்டுரைக்கோ, ஒரு வீடியோ ஸ்கிரிப்ட்டுக்கோ இந்த மாதிரி லிஸ்ட் எடுக்கறவங்களுக்கு கண்டிப்பா உதவும்.

நாலு ஆஸ்கர் மேட்டரை முதல்ல முடிச்சிடலாம், அது கேத்தரின் ஹெப்பர்ன். சிறந்த நடிகைக்கான ஆஸ்கரை நாலு தடவை வாங்கினவங்க அவங்கதான். ரெண்டு பேரும் சொந்தக்காரங்க இல்ல, கேத்தரின் அமெரிக்காக்காரங்க, ஆட்ரி 1929 மே 4ல பெல்ஜியத்துல பிரஸ்ஸல்ஸ் பக்கத்துல பிறந்து பிரிட்டிஷ் குடியுரிமையோட இருந்தவங்க, அம்மா டச்சு பிரபு குடும்பம். அதனால லிஸ்ட் எடுக்கும்போது வெறுமனே "ஹெப்பர்ன்"னு தேடாதீங்க, எழுதும்போதும் முழுப் பேரா எழுதுங்க. கடைசிப் பேரை மட்டும் எழுதினா நாளைக்கு உங்க லிஸ்ட்டைப் பாத்து எழுதறவங்களும் அதே குழப்பத்துல மாட்டுவாங்க.

இப்ப ஒரு ரஃப் நோட்டு எடுத்து நாலு பக்கம் தனித்தனியா விடுங்க. முதல் பக்கம், போட்டியில ஜெயிச்ச விருதுகள். ரெண்டாவது, நாமினேஷன் மட்டும் வந்தது. மூணாவது, போட்டி இல்லாம கௌரவமா குடுத்தது, வாழ்நாள் சாதனை மாதிரி. நாலாவது, மக்கள் சேவைக்காக குடுத்தது. ஒரு தகவல் கிடைச்ச உடனே அது எந்தப் பக்கம்னு முடிவு பண்ணிட்டு எழுதுங்க, எல்லாத்தையும் எழுதிட்டு கடைசியில பிரிச்சுக்கலாம்னு விட்டா கண்டிப்பா குழம்பும், நாங்க அப்படித்தான் ஆரம்பிச்சு ஒரு முழு சார்ட் பேப்பரைத் தூக்கிப் போட வேண்டியதாப் போச்சு.

அடுத்தது வருஷம், அதிகமா தப்பு வர்ற இடமே இதுதான். படம் வந்த வருஷம் வேற, விருது மேடையில குடுத்த வருஷம் வேற. ரோமன் ஹாலிடே 1953ல வந்த படம், அதுக்கு ஆட்ரி ஆஸ்கர் வாங்கினது 1954 மார்ச் 25ல. ஒருத்தர் 1953னு போடுவாங்க, இன்னொருத்தர் 1954னு போடுவாங்க, ரெண்டு விருதோன்னு படிக்கிறவங்களுக்கு சந்தேகம் வந்துடும். அதனால ஒவ்வொரு வரியிலயும் ரெண்டு வருஷத்தையுமே எழுதுங்க. எங்க சார்ட்ல ஒரு வரி இப்படி இருந்துச்சு:

1954 மார்ச் 25 – ஆஸ்கர் – சிறந்த நடிகை – ரோமன் ஹாலிடே (1953ல வந்த படம்) – ஜெயிச்சாங்க

பாக்க கொஞ்சம் நீளமாத்தான் இருக்கும், ஆனா அதுக்கப்புறம் யாரும் சந்தேகம் கேக்க மாட்டாங்க.

அந்த 1954ஐ பத்தி கொஞ்சம் நின்னு சொல்லணும், ஏன்னா தேதியை சரியா எழுதினாதான் அந்த வருஷத்தோட அழகே தெரியும். அந்த வருஷம் அவங்க நியூயார்க்ல பிராட்வேங்கற நாடக அரங்குப் பகுதியில ஆண்டீன்னு ஒரு நாடகத்துல தண்ணீர் தேவதையா நடிச்சுட்டு இருந்தாங்க. ஆஸ்கர் விழா அப்போ ஹாலிவுட்லயும் நியூயார்க்லயும் ஒரே நேரத்துல நடக்கும், இவங்க நியூயார்க் மேடையில வாங்கிக்கிட்டாங்க. மூணே நாள் கழிச்சு மார்ச் 28ல அதே நாடகத்துக்கு டோனி விருது (பிராட்வே நாடகங்களுக்குக் குடுக்கறது), அதுவும் சிறந்த நடிகை. ஒரே வருஷத்துல சிறந்த நடிகை ஆஸ்கரும் டோனியும் வாங்கினவங்க மொத்தம் மூணே பேர்தான், 1953ல ஷெர்லி பூத், 1954ல ஆட்ரி, 1975ல எலென் பர்ஸ்டின். ஆட்ரிக்கு அப்போ வயசு 24. அதே ரோமன் ஹாலிடேக்கு கோல்டன் குளோபும், பிரிட்டிஷ் சினிமா விருதான பாஃப்டாவும், நியூயார்க் விமர்சகர்கள் வட்டத்தோட விருதும் வந்துச்சு. வெறும் வருஷத்தை மட்டும் போட்டுட்டுப் போயிருந்தா அந்த மூணு நாள் இடைவெளி யாருக்குத் தெரியும் சொல்லுங்க. என் பொண்ணு அந்த ரெண்டு வரியையும் சிவப்பு ஸ்கெட்ச்ல சேத்து வட்டம் போட்டா, சார்ட்ல எல்லாரும் முதல்ல பாத்தது அதைத்தான்.

இதுக்கும் முன்னாடி, 1952லயே ஜிஜி நாடகத்துக்காக தியேட்டர் வேர்ல்டு அவார்டு வாங்கியிருக்காங்க, பிராட்வேயில புதுசா வந்து அசத்தினவங்களுக்குக் குடுக்கறது. நிறைய லிஸ்ட்ல இது விட்டுப்போயிடும், ஏன்னா தேடறவங்க சினிமாவோட நிறுத்திக்கறாங்க. நாடகம், டிவி, ஆடியோ எல்லாத்தையும் தேடணும்.

அடுத்து, படம் வாங்கின விருதை நடிகை கணக்குல சேக்கக் கூடாது. ரோமன் ஹாலிடேக்கு மூணு ஆஸ்கர், அதுல ஆட்ரியோடது ஒண்ணுதான், இன்னொண்ணு உடை வடிவமைப்புக்கு ஈடித் ஹெட் வாங்கினது, மூணாவது கதைக்கு. இந்த மூணாவதுக்குப் பின்னாடி ஒரு வலி இருக்கு. கதையை உண்மையா எழுதினது டால்டன் ட்ரம்போ, கம்யூனிஸ்ட்னு கறுப்புப் பட்டியல்ல வச்சிருந்ததால அவர் பேரு போட முடியல, அதனால இன்னொரு எழுத்தாளர் பேர்லதான் படமும் வந்துச்சு, ஆஸ்கரும் போச்சு. 1993லதான் ஆஸ்கர் குடுக்கற அமைப்பான அகாடமி அந்த விருதை ட்ரம்போவோட மனைவிகிட்ட குடுத்துச்சு, அவர் 1976லயே இறந்துட்டாரு. இதை ஏன் சொல்றேன்னா, விருது லிஸ்ட் கல்லுல வெட்டினது கிடையாது, நாப்பது வருஷம் கழிச்சும் திருத்துவாங்க, அதனால பழைய புத்தகத்தை மட்டும் வச்சு எழுதாம விருது குடுத்த அமைப்போட இப்போதைய பதிவையும் ஒரு தடவை பாத்துடுங்க.

பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ்லயும் இதே குழப்பம் வரும். அதுல ஜன்னல் ஓரமா உக்காந்து கிட்டார் வச்சுகிட்டு அவங்களே பாடின மூன் ரிவர் பாட்டுக்கு ஆஸ்கர் கிடைச்சுது, ஆனா அது இசையமைச்ச ஹென்றி மான்சினிக்கும் பாட்டு எழுதின ஜானி மெர்சருக்கும்தான். ஆட்ரிக்கு அந்தப் படத்துல நடிப்புக்கு நாமினேஷன் மட்டும்தான்.

நாமினேஷன் பக்கத்துக்கு வருவோம். சிறந்த நடிகைக்கான ஆஸ்கருக்கு அஞ்சு தடவை நாமினேட் ஆனாங்க, ரோமன் ஹாலிடே, சப்ரினா, தி நன்ஸ் ஸ்டோரி, பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ், வெயிட் அன்டில் டார்க். ஜெயிச்சது முதல் தடவை மட்டும். "அஞ்சு நாமினேஷன், ஒரு வெற்றி"ன்னு எழுதும்போது அந்த ஒண்ணு அஞ்சுக்குள்ளதான் இருக்குன்னு தெளிவா சொல்லுங்க, சில பேர் அஞ்சையும் ஒண்ணையும் கூட்டி ஆறுன்னு ஆக்கிடறாங்க.

வராத நாமினேஷனையும் ஒரு வரி எழுதலாம்னு நான் சொல்வேன், எல்லாத்துக்கும் இல்ல, முக்கியமானதுக்கு மட்டும். மை ஃபேர் லேடிக்கு 12 நாமினேஷன் வந்து 8 ஆஸ்கர் கிடைச்சுது, கதாநாயகியான ஆட்ரி பேரு மட்டும் அதுல இல்ல. பாட்டு பெரும்பாலும் மார்னி நிக்சன் குரல்ல டப் ஆனதும், மேடையில அந்த ரோலைப் பண்ணி பேர் வாங்கின ஜூலி ஆண்ட்ரூஸை விட்டுட்டு இவங்களைப் போட்டதும் அப்போ ரொம்ப பேசப்பட்ட விஷயம். அந்த வருஷம் சிறந்த நடிகை ஆஸ்கர் ஜூலி ஆண்ட்ரூஸுக்கே போச்சு, மேரி பாப்பின்ஸுக்காக. ஆனா ஆட்ரி முகத்தைத் தூக்கி வச்சுக்கிட்டு வீட்ல உக்காரல, 1965 ஏப்ரல்ல அதே மேடைக்கு வந்து, கூட நடிச்ச ரெக்ஸ் ஹாரிசனுக்கு சிறந்த நடிகர் ஆஸ்கரை தன் கையால குடுத்தாங்க. வாங்கின லிஸ்ட்ல இதுக்கு இடம் கிடையாதுதான், ஆனா எனக்கு அவங்க மேல மரியாதை கூடினது இந்த இடத்துலதான், அதனால சார்ட்ல ஒரு ஓரத்துல எழுத வச்சேன்.

பாஃப்டா எழுதும்போது விருதோட முழுப் பேரையும் அப்படியே எழுதணும். அந்தக் காலத்துல பாஃப்டாவுல பிரிட்டிஷ் நடிகைக்குத் தனியா, வெளிநாட்டு நடிகைக்குத் தனியா விருது இருந்துச்சு. ஆட்ரி மூணு தடவை ஜெயிச்சது "சிறந்த பிரிட்டிஷ் நடிகை" விருது, ரோமன் ஹாலிடே, தி நன்ஸ் ஸ்டோரி, ஷரேட் இந்த மூணுக்கும். வெறும் "சிறந்த நடிகை"ன்னு சுருக்கினா அந்த வருஷ வெளிநாட்டு நடிகை விருது யாருக்குன்னு பாக்கறவங்க குழம்புவாங்க.

கௌரவ விருதுகளை வேகமா முடிச்சிடலாம். 1968ல ஸ்பெஷல் டோனி, 1990ல கோல்டன் குளோப்ல செசில் பி. டிமில் விருது, ஹாலிவுட் வாக் ஆஃப் ஃபேம்ல ஒரு நட்சத்திரம். இதெல்லாம் மூணாவது பக்கம். டோனி எத்தனைன்னு யாராவது கேட்டா "போட்டியில ஒண்ணு, கௌரவமா ஒண்ணு"ன்னு பிரிச்சு சொல்லுங்க, மொத்தமா ரெண்டுன்னு சொல்லாதீங்க.

நாலாவது பக்கத்துக்கு நிறைய டைம் குடுங்க, நான் இவ்வளவு நீளமா எழுதறதே இந்தப் பக்கத்துக்காகத்தான். பெரும்பாலான லிஸ்ட்ல சினிமா விருதெல்லாம் முப்பது வரி போகும், கடைசியில "மேலும் சமூக சேவைக்காகவும் விருது பெற்றார்"னு ஒரு வரி வாலு மாதிரி தொங்கும். அது அநியாயம். இந்தப் பக்கத்தை விருதுல இருந்து ஆரம்பிக்காதீங்க, வேலையில இருந்து ஆரம்பிங்க. முதல்ல அவங்க எந்த வருஷம் எந்த ஊருக்குப் போனாங்கன்னு இடது பக்கம் எழுதுங்க, விருதை வலது பக்கம் எழுதுங்க.

அந்த இடது பக்கம் உண்மையில ஆரம்பிக்கறது ரெண்டாம் உலகப் போர்ல. ஆட்ரி சின்னப் பொண்ணா இருந்தப்ப ஹாலந்துல ஆர்னம் பக்கம் இருந்தாங்க, 1944-45 குளிர்காலத்துல ஜெர்மன்காரங்க உணவு வரவிடாம அடைச்சதுல அங்க பெரிய பஞ்சம், ஜனங்க துலிப் பூவோட கிழங்கைக்கூட தின்னு உயிர் வச்சிருந்தாங்க. போர் முடிஞ்சப்ப வந்த நிவாரண உணவும் மருந்தும் கிடைச்ச குழந்தைகள்ல இவங்களும் ஒருத்தர். ஐநாவோட குழந்தைகள் அமைப்பான யுனிசெஃப் 1946 டிசம்பர்ல ஆரம்பிச்சதே அந்தப் போர்ல அடிபட்ட குழந்தைகளுக்காகத்தான். பசின்னா என்னன்னு தெரிஞ்ச ஒருத்தர்தான் நாப்பது வருஷம் கழிச்சு எத்தியோப்பியா போறாங்கன்னு படிக்கிறவங்களுக்குப் புரியணும், அதனால இந்த வரியை விடாதீங்க.

அப்புறம் யுனிசெஃப்புக்காக அவங்க போன பயணங்களை வரிசையா எழுதுங்க. 1988 மார்ச்ல எத்தியோப்பியா, பஞ்சத்துல இருந்த குழந்தைங்க விடுதிக்குப் போனாங்க. அதே வருஷம் ஆகஸ்ட்ல துருக்கி, தடுப்பூசி இயக்கத்துக்காக. அக்டோபர்ல வெனிசுலாவும் ஈக்வடாரும். 1989ல மத்திய அமெரிக்க நாடுகள், ஏப்ரல்ல சூடான், அங்க உள்நாட்டுப் போருக்கு நடுவுல தெற்குப் பகுதிக்கு சாப்பாடு கொண்டு போற வேலை நடந்துட்டு இருந்துச்சு, அக்டோபர்ல பங்களாதேஷ். 1990ல வியட்நாம், தடுப்பூசிக்கும் குடிதண்ணிக்கும். 1992 செப்டம்பர்ல சோமாலியா. அங்க இருந்து திரும்பி வந்த கொஞ்ச நாள்லயே குடல்வால்ல புற்றுநோய்னு தெரிஞ்சு நவம்பர்ல ஆபரேஷன், 1993 ஜனவரி 20ல சுவிட்சர்லாந்துல தன் வீட்லயே இறந்துட்டாங்க, 63 வயசு. சோமாலியாவுக்கும் சாவுக்கும் நடுவுல நாலே மாசம். இதை எழுதும்போது என் பொண்ணு பேனாவை வச்சிட்டு கொஞ்ச நேரம் பேசாம இருந்தா.

இந்தப் பக்கத்துல கவனிக்க வேண்டிய விஷயம் இன்னும் இருக்கு. யுனிசெஃப் நல்லெண்ணத் தூதர்ங்கறது பதவி, விருது கிடையாது, அதை விருது கணக்குல சேக்காதீங்க, இடது பக்கத்துல வேலையா எழுதுங்க. அதோட வருஷம் சில இடத்துல 1988னும் சில இடத்துல 1989னும் இருக்கும், பயணம் ஆரம்பிச்சது 1988, நல்லெண்ணத் தூதரா நியமிச்சதுன்னு யுனிசெஃப் சொல்றது 1989, ரெண்டையும் அப்படியே எழுதிட்டா சண்டையே இல்ல. அதே மாதிரி யுனிசெஃப் 1965ல அமைதிக்கான நோபல் பரிசு வாங்கிச்சு, அது அமைப்புக்கு, ஆட்ரி அந்தப் பதவிக்கு வர்றதுக்கு இருபது வருஷத்துக்கும் முன்னாடி. "நோபல் பரிசு பெற்ற யுனிசெஃப்பின் தூதர்"னு எழுதினா பாதிப் பேர் அவங்களே நோபல் வாங்கின மாதிரி படிச்சிடுவாங்க, அந்த வாக்கியத்தைத் தவிர்த்துடுங்க.

இப்ப வலது பக்கம். 1992 டிசம்பர்ல அமெரிக்க அதிபர் ஜார்ஜ் எச். டபிள்யூ. புஷ் அறிவிச்ச பிரசிடென்ஷியல் மெடல் ஆஃப் ஃப்ரீடம், அமெரிக்காவுல சாதாரண குடிமக்களுக்குக் குடுக்கற மிகப் பெரிய கௌரவம் இதுதான், ராணுவப் பதக்கம் இல்ல, வெளிநாட்டுக்காரங்களுக்கும் குடுப்பாங்க. அப்புறம் ஜீன் ஹெர்ஷோல்ட் மனிதநேய விருது. ஆஸ்கர் ரெண்டுன்னு சில இடத்துல போடறதுக்குக் காரணம் இதுதான். இதைக் குடுக்கறது அதே ஆஸ்கர் அகாடமி, கையில குடுக்கறதும் அதே தங்கச் சிலைதான், ஆனா படத்துக்கோ நடிப்புக்கோ இல்ல, மக்கள் சேவைக்கு. நாமினேஷன் கிடையாது, அகாடமியோட நிர்வாகக் குழு கூடி முடிவு பண்ணும், எல்லா வருஷமும் குடுக்கவும் மாட்டாங்க. நலிஞ்சுபோன சினிமா கலைஞர்களுக்கான நிவாரண நிதியை பல வருஷம் தலைவரா இருந்து நடத்தின ஜீன் ஹெர்ஷோல்ட்ங்கற நடிகர் பேர்ல வச்சிருக்காங்க. 1993 மார்ச் 29ல இதை எலிசபெத் டெய்லருக்கும் ஆட்ரிக்கும் குடுத்தாங்க, டெய்லர் எய்ட்ஸுக்காக உழைச்சதுக்கு. ஆட்ரிக்கு அறிவிச்சு மேடையில நின்னது கிரகரி பெக், ரோமன் ஹாலிடேல கூட நடிச்ச அதே பெக். வாங்கிக்கிட்டது மகன் ஷான். அவங்க இறந்து ரெண்டு மாசம் ஆயிருந்துச்சு. ஆக ஆஸ்கரை "நடிப்புக்கு 1, மனிதநேயத்துக்கு 1"னு எழுதுங்க, அதுதான் சரி.

இறந்த பிறகு வந்த விருதுக்கெல்லாம் பக்கத்துல ஒரு சின்ன நட்சத்திரக் குறி போடுங்க, ஆட்ரி விஷயத்துல அது ரொம்ப முக்கியம். உலகத்துல இருக்கற அழகான தோட்டங்களைச் சுத்திக் காட்டற ஒரு டிவி தொடரை அவங்க தொகுத்து வழங்கியிருந்தாங்க, அது ஒளிபரப்ப ஆரம்பிச்சது அவங்க இறந்த மறுநாள், அதுக்கு 1993ல எம்மி. குழந்தைகளுக்குக் கதை சொல்ற ஆடியோ ஆல்பம் ஒண்ணு பண்ணியிருந்தாங்க, அதுக்கு 1994ல கிராமி. எம்மி, கிராமி, ஆஸ்கர், டோனி நாலும் போட்டியில ஜெயிச்சவங்களை ஈகாட்னு சொல்வாங்க, அந்த வரிசையில அஞ்சாவது ஆளு ஆட்ரி. முதல் ரெண்டும் 1954ல மூணு நாள் இடைவெளியில வந்துச்சு, கடைசி ரெண்டும் அவங்க போனப்புறம் வந்துச்சு. நட்சத்திரக் குறி இல்லாட்டி இந்த விஷயம் லிஸ்ட்ல தெரியவே தெரியாது.

ஸ்டாம்ப், சிலை இதெல்லாம் விருதான்னு கேட்டீங்கன்னா, இல்ல, நினைவு மரியாதைன்னு தனியா ஒரு மூலையில போடலாம். அமெரிக்கா 2003ல அவங்க படம் போட்ட 37 சென்ட் ஸ்டாம்ப் வெளியிட்டுச்சு. நியூயார்க்ல யுனிசெஃப் தலைமையகத்துல 2002ல ஒரு வெண்கலச் சிலை வச்சாங்க. ஜெர்மனி 2001ல ஒரு ஸ்டாம்ப் அடிச்சுது, அதுல அவங்க நீளமான சிகரெட் ஹோல்டரோட இருக்கற படம், மகன் சம்மதிக்கல, அடிச்ச லட்சக்கணக்கான ஸ்டாம்பை அழிச்சிட்டாங்க, தப்பிச்சுப்போன சில ஸ்டாம்புங்க பின்னாடி ஏலத்துல பெரிய விலைக்குப் போச்சு. வெளியாகாத இந்த ஸ்டாம்பை லிஸ்ட்ல போடக் கூடாது. அச்சடிச்சாங்கன்னு செய்தியைப் பாத்த உடனே எழுதறவங்க இருக்காங்க, வெளியிட்டாங்களான்னு ஒரு தடவை பாத்துட்டு எழுதுங்க.

இதே நாலு பக்க முறையை மத்தவங்களுக்கும் வச்சுக்கலாம். ஏஞ்சலினா ஜோலிக்கு எடுத்தா, கேர்ள் இன்டரப்டட் 1999 படம், துணை நடிகை ஆஸ்கர் வாங்கினது 2000ல, ஹெர்ஷோல்ட் விருது 2013ல, ஐநா அகதிகள் அமைப்போட நல்லெண்ணத் தூதர் ஆனது 2001ல, அது பதவி, இடது பக்கம். இந்தி நடிகை ஷபானா ஆஸ்மிக்கு எடுத்தா அஞ்சு தேசிய விருது முதல் பக்கம், 1988ல வந்த பத்மஸ்ரீயும் 2012ல வந்த பத்மபூஷணும் மூணாவது பக்கம், குடிசைவாசிகளுக்காக மும்பையில அவங்க போராடினதெல்லாம் நாலாவது பக்கத்துல இடது பக்கம்.

சார்ட்ல ஏத்தறதுக்கு முன்னாடி கடைசியா இன்னொருத்தரை உக்கார வச்சு ரஃப் நோட்டை சத்தமா வாசிக்கச் சொல்லுங்க. ஒவ்வொரு வரிக்கும் யாரு குடுத்தாங்க, எதுக்குக் குடுத்தாங்க, படம் எந்த வருஷம், மேடை எந்த வருஷம், ஜெயிச்சதா நாமினேஷனா, அப்போ அவங்க உயிரோட இருந்தாங்களான்னு கேளுங்க. பதில் சொல்ல முடியாத வரியை பென்சில்லயே விட்டுடுங்க, ஸ்கெட்ச்ல எழுதாதீங்க. எங்க நோட்டுல அப்படி ஏழு வரி பென்சில்லயே நின்னுச்சு, அது இல்லாமத்தான் சார்ட்டை ஒட்டினோம்.